நான்கு காதுக் குதிரை

எங்கள் பேச்சில் பிருடைக்குக் காது என்றே பெயர்.
மோரின் ஹூரின் உச்சியில் செதுக்கிய குதிரைத் தலைக்கு
விரல்நுனி அளவில் இரண்டு காது.
அதற்குக் கீழே, திருகுவதற்கென்று,
கைக்கு அடங்காமல் இன்னும் இரண்டு.
நான்கிருந்தும் சொன்ன பேச்சைக் கேட்பதில்லை என்று
மூன்று மாதமாய் அதோடு சண்டை எனெபிஷுக்கு.

ஒரு மெட்டு முடிவதற்குள் இறங்கிவிடுகிறதாம்.
திருகுவான். வில்லை வைப்பான். உதட்டைச் சுழிப்பான்.
மறுபடி திருகுவான்.

வெளியே, எர்தெனெத் முழுக்க, பூஜ்யத்துக்கு முப்பத்தொன்று கீழே.
உள்ளே வெந்நீர்க் குழாய் கொதித்துக் கொதித்துக்
கதவும் அலமாரியும் என் குதிகாலும்
வெடிக்கிற மாதம்.
மரம் சுருங்கியிருக்கும், மாற்றிவிடலாமா என்றேன்.
மூன்றாம் தடவை கேட்டபோது
"மாற்று" என்றான்.

சந்தையில் துல்மா ஒரு ஜோடி எடுத்துக் கொடுத்தாள்.
பிர்ச் மரம். பதினெட்டாயிரம் துக்ரிக்.
"பருமனாய்த்தான் இருக்கும், சீவிக்கொள்.
சீவியதை ஒட்டவைக்க முடியாது,
அதையும் ஞாபகம் வை."

அவன் இரவு வேலைக்கு,
பாறையை மாவாக்கும் எந்திரத்தடிக்குப் போனதும்
சமையல் மேசையில் துண்டு விரித்து அதைக் கிடத்தினேன்.
இரண்டு தந்தியையும் ஒருசேரத் தளர்த்தக் கூடாது.
தளர்த்தினால்
தந்தியைத் தாங்கி நிற்கும் குதிரை சரியும்,
வயிற்றுக்குள் நிற்கும் குச்சியும் விழும்.
ஒருத்தி நிற்க ஒருத்தன் இறங்க வேண்டும்.
ஆண் தந்தியை முதலில் அவிழ்த்தேன்.

காது வரவில்லை.
இழுத்தேன். அசைத்தேன். கரண்டிக் காம்பால் தட்டினேன்.
நழுவுகிற ஆணியா இப்படிக் கடித்துக்கொண்டு கிடக்கும்?
ஒரு முனகலோடு வந்தது,
கழுத்தில் காகிதப் பட்டை இரண்டு சுற்றுடன்.

பிரித்தேன்.
கட்டம் போட்ட தாள். சுரங்க ஆஸ்பத்திரியின் பாதி முத்திரை.
அக்டோபர்.
ஒரு கோடு இடமிருந்து சமவெளியில் நடந்து வந்து
நாலாயிரம் என்ற எண்ணுக்கு மேலே
ஆடு தவறி விழுந்த மாதிரி விழுந்திருந்தது.
ஓரத்தில் ஒரு சொல்: இடது.

காதும் காதும் வைத்தாற்போல்
காதுக்குள்ளேயே சுற்றி வைத்திருக்கிறான்.

எனெபிஷ் என்றால் 'இது இல்லை'.
அவனுக்கு முன் பிறந்த இரண்டும் தங்கவில்லை.
தேடி வருவது வாசலில் பெயரைக் கேட்டுவிட்டு
இவன் இல்லை போல என்று திரும்பட்டும் என்று வைத்தது.
நாற்பத்தாறு வருடம் அப்படித்தான் திரும்பியது.
இந்த முறை அது பெயரே கேட்கவில்லை.

பழையதையே மாட்டியிருக்கலாம். அதில் ஒரு குறையும் இல்லை.
ஆனாலும் சீவினேன்.
துளையில் நுழைத்து ஒரு திருகு, வெளியே எடு,
எங்கே பளபளக்கிறதோ அங்கே கத்தி வை,
பிறகு உப்புத்தாள், மறுபடி நுழை.
சோப்பு பூசினால் வழுக்கும், சாக்கட்டி பூசினால் பிடிக்கும்;
இரண்டையும் கொஞ்சம் கொஞ்சம்.
மூன்று மணிக்கு இரண்டாவதும் உட்கார்ந்தது.
காகிதம் நுழைய இடமே இல்லாமல்.

அதைக் கிழிக்கவில்லை.
பழைய காதிலேயே முன்பு போல் இரண்டு சுற்றுச் சுற்றி
வில்லுக்குப் போடும் பிசின் டப்பாவில் வைத்து மூடினேன்.

காலையில் வந்தான். டப்பாவைத் திறந்தான்.
நான் கேத்தலைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.
மூடுகிற சத்தம் வர வெகுநேரம் ஆயிற்று.
பிறகு மரக்கழுத்தில் தாடையைப் பதித்து
வில்லை இழுத்தான்.
"சரியா?" என்றான்.
இருபது வருடத்தில் சுருதியைப் பற்றி
என்னை அவன் கேட்டதில்லை.

எனக்கென்ன தெரியும்.
கோப்பையோடு அவன் வலப்பக்கம் போய் உட்கார்ந்து
இது இல்லை என்றேன்.
திருகினான்.
இது இல்லை.
இன்னும் கொஞ்சம். இது இல்லை.
சுருதி சொல்கிறேனா, பெயர் சொல்லிக் கூப்பிடுகிறேனா என்று
எனக்கே குழம்பிவிட்டது.

இரவு வேலை முடித்துத் தூங்கும் யாரோ
வெந்நீர்க் குழாயில் கரண்டியால் ஓங்கித் தட்டினார்கள்.
அவனுக்கும் கேட்டது.
மேலேயா, கீழேயா, பக்கத்திலா என்றுதான்
சுற்றிச் சுற்றிப் பார்த்தான்.